அத்தா எரித்த படங்கள்

திண்டிவனம்
6.1.2025

அன்புத் தங்கை நிலோஃபருக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே எல்லோரும் சுகம். உன் மச்சானுக்கு மட்டும் மார்கழிப் பனியில் பிடித்த இருமல் இன்னும் விடவில்லை. உன் உடம்புக்கும் வேலைக்கும் ஐந்து வேளையும் துஆ செய்கிறேன். நல்ல வார்த்தை இவ்வளவுதான். இனி வருவதை உட்கார்ந்து படி.

போனிலேயே பேசியிருக்கலாம். பேசினால் நீ அழுவாய், நான் கத்துவேன், யாராவது ஒருத்தர் பட்டென்று வைத்துவிடுவோம். கடிதம் என்றால் நீ கடைசி வரை படித்துத்தான் ஆக வேண்டும்.

போன வாரம் அத்தா கூப்பிட்டார். "ஜல்தி வாம்மா, நிலோ புக்கு வந்திருக்குது, எனக்கு இங்கிலீஷ் தெரியல, வந்து படிச்சு காட்டு" என்றார். சனிக்கிழமை பாண்டி பஸ் பிடித்துக் கோட்டக்குப்பம் போனேன். கலைப்பிரியா என்கிற அம்மா எழுதிய புத்தகம். சிற்பம், ஓவியம், அறை முழுக்க அமைக்கிற கலை என்று பன்னிரண்டு கலைஞர்களைப் பற்றி எழுதியிருக்கிறார். உனக்கு மட்டும் இருபது பக்கம். அத்தா கையைக் கழுவித் துடைத்துக்கொண்டுதான் பக்கத்தைத் திருப்பினார்.

உன்னுடைய 'புகை' இரண்டு பக்கத்துக்கு விரிந்து கிடந்தது. தரை முழுக்கச் சாம்பல். சுற்றிலும் கம்பியில் ஓரம் கருகிய அரபிச் செய்தித்தாள்கள். நடுவில் உத்தரத்திலிருந்து தொங்குகிறது அத்தா சவூதியில் போட்ட தமாம் கம்பெனிச் சட்டை. "ஞாபகமா ஒண்ணு குடுங்க அத்தா" என்று நீ கேட்டபோது அவரே இஸ்திரி போட்டுக் கொடுத்தாரே, அதே சட்டை. அவருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "எஞ்சட்டைய பாத்தியா தஸ்லீமா? எவ்ளோ ஒசரத்துல மாட்டிக்கீறா பாரு! இதுக்குக் கீழ இன்னா எழுதியிருக்கு, படி" என்றார்.

நான் படித்தேன். மனசுக்குள். என்ன எழுதியிருந்தது என்று உனக்குத் தெரியும், இருந்தாலும் தமிழில் எழுதுகிறேன், கண்ணால் பார்: 'உருவம் வரைவது பாவம் என்று நம்பிய தந்தை, பதினொரு வயது மகளின் படங்களை எல்லாம் கோபத்தில் முற்றத்தில் குவித்து எரித்தார். பர்தாவுக்குள் மௌனமாக நின்ற தாய் அதைத் தடுக்கவில்லை. அந்த நெருப்பிலிருந்து தப்பி வந்தவர் நிலோஃபர்.'

அத்தா என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். 'வெளிநாட்டிலிருந்து தந்தை அனுப்பிய வண்ணப் பெட்டிகளால் இந்தக் கலைஞர் வளர்ந்தார், அந்த நன்றிக்குத்தான் இந்தச் சட்டை' என்று வாய்க்கு வந்ததைப் படித்தேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு இன்னொரு தடவை படிக்கச் சொன்னார். முதலில் என்ன சொன்னேன் என்று எனக்கே மறந்துவிட்டது. "மொதல்ல வேற மாதிரி படிச்சியே?" என்றார். தாகமாக இருக்கிறது என்று எழுந்து போய்விட்டேன்.

ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு இங்கிலீஷ் சொல்லிக் கொடுக்கிறவளடி நான். அறுபது வயதுக்கு மேல் ஆன பிள்ளை ஒருத்தருக்கு முன்னால் இப்படிப் பாடம் நடத்த வைத்துவிட்டாய். அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து, தப்பான இடத்தில் எல்லாம் சிவப்பு மையால் சுழித்து இதோடு வைத்திருக்கிறேன். இது எப்படி வந்தது? யார் சொன்னது? பதில் எழுது.

உன் அக்கா
தஸ்லீமா


பரோடா
14.1.2025

பாசமுள்ள அக்காவுக்கு,

வ அலைக்கும் ஸலாம். உன் கடிதம் வந்தது. சிவப்பு மையும் வந்தது. பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதுகூட என் நோட்டில் இவ்வளவு சிவப்பு இருந்ததில்லை. மச்சானைக் கடையில் பெயிண்ட் டப்பாக்களுக்குப் பக்கத்தில் உட்கார வேண்டாம் என்று சொல், அந்த வாடைதான் இருமலுக்குக் காரணம்.

அக்கா, நான் சொன்னது ஒரே ஒரு வாக்கியம். 'என் அத்தா என் படங்களை எரித்தார்.' அதில் பொய் இருக்கிறதா? பேட்டி எடுத்தவர் கோபம் சேர்த்தார். அடுத்தவர் பாவம் சேர்த்தார். அதற்கடுத்தவர் அம்மாவைச் சேர்த்தார். கலைப்பிரியா எல்லாவற்றையும் சேர்த்துக் கட்டுரை எழுதினார். அவர் நல்ல மனுஷி. என்மேல் உண்மையான அன்பு அவருக்கு.

நீ ஒன்றை யோசி. எட்டு வருஷம் நான் கடலைத்தான் வரைந்தேன். நம் ஊர்க் கடலை, வலையை, கருவாட்டுக் கூடையை. ஒருத்தர் திரும்பிப் பார்க்கவில்லை. கண்காட்சிக்கு வருகிறவர்கள் என் பெயரைப் படிப்பார்கள், உடனே, 'வீட்டில் வரைய விட்டார்களா?' என்று கேட்பார்கள். விட்டார்கள் என்றால் முகம் வாடிவிடும், அடுத்த படத்துக்குப் போய்விடுவார்கள். ஒரு நாள் அலுத்துப்போய் அந்த வாக்கியத்தைச் சொன்னேன். அன்றைக்குத்தான் முதல் தடவையாக ஒருத்தர் நாற்காலியை இழுத்துப் போட்டு என் எதிரில் உட்கார்ந்தார். எனக்கு அவர்கள்மேல் எவ்வளவு ஆத்திரம் என்று உனக்குத் தெரியாது.

இன்னொன்றும் சொல்கிறேன். நான் புத்தகப் பையோடு வீட்டுக்குள் வந்தபோது முற்றத்தில் கறுப்புத் திட்டு இருந்தது. பரணில் என் படம் ஒன்றுகூட இல்லை. "அத்தா எரிச்சிட்டாரு, அழாத" என்றார் அம்மா. அத்தா ஏர்போர்ட்டுக்குக் கிளம்பிப் போயிருந்தார். ஏழு வருஷம் நான் அதை அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். நீ விவரம் சொன்னது நான் மெட்ராசுக்குக் கல்லூரி போகும்போதுதான். 'புகை' அந்தப் பதினொரு வயதுப் பிள்ளை பார்த்த புகை. அவளுக்கு அதுதானே உண்மை? கலையைச் சாட்சிக் கூண்டில் ஏற்றாதே அக்கா.

அத்தாவுக்கு இங்கிலீஷ் தெரியாது. அவர் சந்தோஷமாக இருக்கிறார். அப்படியே விட்டுவிடேன்.

உன் அன்புள்ள
நிலோ


திண்டிவனம்
20.1.2025

நிலோஃபருக்கு,

ஸலாம். சுகம் விசாரிக்கிற மனநிலையில் நான் இல்லை.

அந்தப் பிள்ளைக்கு அதுதான் உண்மை என்கிறாய். சரி. அந்தப் பிள்ளைக்குப் பதினெட்டு வயசில் நான் உண்மையைச் சொன்னேன். 'புகை' செய்தபோது உனக்கு முப்பது. பன்னிரண்டு வருஷம் தெரிந்து வைத்துக்கொண்டு செய்த வேலைக்குப் பதினொரு வயசுப் பிள்ளையைப் பிடித்து முன்னால் நிறுத்துகிறாயே, உனக்கே நன்றாக இருக்கிறதா?

நான் அன்று வீட்டில் இருந்தவள். நீ கேட்டு மறந்திருப்பாய், திரும்பச் சொல்கிறேன்.

உன் படங்கள் இரண்டு வகை. வெள்ளைச் சார்ட்டில் வரைந்தவை, அத்தா அனுப்பும் அட்டைப்பெட்டியில் சாமான் சுற்றி வரும் அரபிச் செய்தித்தாள்மேல் வரைந்தவை. செய்தித்தாள் அகலமாக இருக்கும் என்று உனக்கு அதன்மேல்தான் ஆசை. அந்த வருஷப் புயலில் பரண் ஒழுகி எல்லாம் ஊறிப்போயிற்று, மீதியைக் கரையான் அரித்தது. அம்மா வாரிக் குப்பையில் போடப் போனார். லீவில் வந்திருந்த அத்தா பதறிப்போய் ஓடி வந்தார். "ஏம்மே, அதுல எங்க அல்லா பேரு இருக்குதோ யாருக்குத் தெரியும்? குப்பையில போட்டு நாலு பேரு மிதிக்கவா?" என்று சத்தம் போட்டார். அவருக்கு அரபி ஓதத் தெரியும், படித்தால் அர்த்தம் தெரியாது. தமாமில் அத்தனை வருஷம் வண்டி ஓட்டியும் மலையாளமும் இந்தியும்தான் கற்றுக்கொண்டு வந்தார். அரபியில் அச்சடித்ததெல்லாம் அவருக்குக் கண்ணில் ஒற்றிக்கொள்ள வேண்டிய எழுத்து. இப்போது நினைத்தால் அதில் பாதி டயர் விளம்பரமாக இருந்திருக்கும்.

தொழுகைக்குப் போல் கை கால் முகம் கழுவி ஒளு செய்தார். தொப்பி போட்டுக்கொண்டார். குர்ஆன் தாள் கிழிந்து போனால் என்ன செய்வார்களோ அதையே செய்தார். முற்றத்தில் கால் படாத மூலையில், புதுச் சட்டியில், ஒவ்வொரு தாளாக எரித்தார். உன் படம் உள்ள பக்கத்தை ஒரு தடவை பார்த்துவிட்டுத்தான் போட்டார். சாம்பலை வெள்ளைத் துணியில் முடிந்து மார்பளவு தண்ணீர் வரை நடந்து போய்க் கடலில் விட்டார். நான் கரையில் அவர் செருப்பைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ஈரத்தோடு திரும்பி வந்து, உடை மாற்றி, பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார். ஃப்ளைட் உன் பள்ளிக்கூடம் விடுகிற வரை காத்திருக்காது.

வெள்ளைச் சார்ட்டுகளை என்ன செய்தார் தெரியுமா? முதல் நாளே, நீ பள்ளிக்கூடத்தில் இருந்தபோது, கயிற்றுக் கட்டிலில் பரப்பி ஒவ்வொன்றாக உலர்த்தி எடுத்தார். இன்றைக்கும் அவை அவர் பூட்டி வைத்த பீரோவில் இருக்கின்றன. உருவம் பாவம் என்கிற மனுஷன் நீ வரைந்த தன் மூஞ்சியையே தமாம் ரூமில் ஒட்டி வைத்திருப்பாரா?

அம்மாவை மௌனம் என்று எழுதியிருக்கிறார் உன் நல்ல மனுஷி. ரேஷன் கடையில் பல்கீஸ் பீவி பேச ஆரம்பித்தால் எடைக்கல் தானாக ஏறும் என்று ஊரே சொல்லும். மவுத்தாகி மூன்று வருஷம் ஆகிறது, அதனால் மௌனமாகத்தான் இருக்கிறார். உயிரோடு இருந்திருந்தால் அந்தம்மாவுக்குக் காது கிழிந்திருக்கும். கலைப்பிரியா கோட்டக்குப்பத்துக்கு ஒரு நாள், ஒரே ஒரு நாள், வந்தாரா? பாண்டிச்சேரியில் காபி குடிக்க வந்தவருக்கு அங்கிருந்து நம் தெரு எவ்வளவு தூரம்? நம்மைப் பற்றி அவர்களிடம் ஏற்கெனவே ஒரு கதை தயாராக இருக்கிறது. அதில் நீ நம் அத்தா பெயரை எழுதிக் கொடுத்துவிட்டாய். உனக்கு அவர்கள்மேல் ஆத்திரம் என்கிறாய். அந்த ஆத்திரத்தை அவர்களிடம் காட்டாமல் ஏன் நம் அத்தா அமீர் பாட்சாவின் தலையில் இறக்கினாய்?

இப்போது முக்கியமான சேதி. அத்தாவுக்கு இங்கிலீஷ் தெரியாது என்றாயே, புத்தகம் தமிழில் வரப் போகிறது. பிப்ரவரி 16, ஞாயிறு, விழுப்புரத்தில் வெளியீடு. முதல் பிரதியை வாங்கிக்கொள்ள அத்தாவை மேடைக்கு அழைத்திருக்கிறார்கள். அழைப்பிதழை அவர் தெருவில் எல்லோருக்கும் காட்டிவிட்டார். தமிழ்ப் பேப்பரில் டெண்டர் விளம்பரம் வரை விடாமல் படிக்கிற மனுஷர் அவர். உன் கட்டுரையை விடுவாரா?

அச்சுக்குப் போவதற்குள் மாற்று. நீ சொன்னால் கேட்பார்கள்.

தஸ்லீமா


கொச்சி
30.1.2025

அக்காவுக்கு,

ஸலாம். ஒரு கண்காட்சிக்காக இங்கே வந்திருக்கிறேன். உன் கடிதத்தை பரோடாவிலிருந்து அனுப்பி வைத்தார்கள்.

நீ எழுதியதில் ஒரு சொல்லைக்கூட நான் மறுக்கவில்லை. கலைப்பிரியாவிடம் பேசினேன். பக்கங்கள் அச்சுக்குப் போய்விட்டன என்றார். அடுத்த பதிப்பில் வேண்டுமானால் ஓர் அடிக்குறிப்பு போடலாமாம். அதற்கு மேல் என்னால் கேட்க முடியவில்லை. 'புகை'யை வெளிநாட்டு அருங்காட்சியகம் ஒன்று எடுத்துக்கொள்ளப் போகிறது. பக்கத்தில் வைக்கும் பலகையிலும் அதே கதைதான் எழுதப் போகிறார்கள். அதில் கோபம் இல்லை என்று இப்போது சொன்னால் அந்த அறையில் மிஞ்சுவது கொஞ்சம் சாம்பலும் ஒரு பழைய சட்டையும்தான். அதற்கப்புறம் என்னிடம் என்ன இருக்கிறது என்று எனக்கே தெரியவில்லை அக்கா. இதை வேறு யாரிடமும் நான் சொன்னதில்லை.

என்னால் விழுப்புரம் வர முடியாது, அந்த வாரம்தான் இங்கே திறப்பு. அத்தாவையும் போக விடாதே. குளிர், இருமல், வண்டி கிடைக்கவில்லை, ஏதாவது சொல்லு. நீ சொன்னால் கேட்பார்.

நிலோ


திண்டிவனம்
4.2.2025

நிலோஃபர்,

இங்கிலீஷ் புத்தகத்துக்கு ஒரு தடவை உனக்காகப் பொய் சொன்னது போதும். இரண்டாவது தடவை என்னால் ஆகாது. அவர் வெள்ளைச் சட்டை தைக்கக் கொடுத்திருக்கிறார். உனக்குப் போன் இருக்கிறது, அவர் நம்பர் இருக்கிறது. போக வேண்டாம் என்பதையும், ஏன் வேண்டாம் என்பதையும் நீயே சொல். நான் சொன்னால் தங்கைமேல் கோள் மூட்டியதாகத்தான் ஆகும். நீ சொன்னால் அவர் மன்னிப்பார். பன்னிரண்டு நாள் இருக்கிறது. கூப்பிடு.

தஸ்லீமா


திண்டிவனம்
17.2.2025

நிலோஃபர்,

நீ கூப்பிடவில்லை. சேதியை நான் எழுதுகிறேன்.

நேற்று உன் மச்சானும் நானும் அத்தாவைக் கூட்டிக்கொண்டு விழுப்புரம் போனோம். கல்யாண மண்டபம் போல் பெரிய கூடம். வாசலில் 'புகை' படம் ஆள் உயரத்துக்கு. அத்தா அதன் பக்கத்தில் நின்று போட்டோ எடுக்கச் சொன்னார். தன் சட்டைக்குப் பக்கத்தில் தான் நிற்கிறாராம். வந்தவர்களிடம் எல்லாம், "எம்பொண்ணு பண்ணது, எஞ்சட்டதான்" என்று சொல்லிக்கினு நின்றார். பார், எனக்கே அவர் பேச்சு ஒட்டிக்கொண்டது. அவர்கள் அவரை ஒரு மாதிரி பார்த்துவிட்டு நகர்ந்தார்கள். அது ஏன் என்று அவருக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்தது.

முன் வரிசையில் உட்கார வைத்தார்கள். பேச்சாளர்களுக்கு முன்னதாகவே புத்தகம் கொடுத்தார்கள், அவருக்கும் ஒன்று. மேடையில் ஒருத்தர் பிடித்த மைக்கை விடவில்லை. அத்தா கண்ணாடியை மாட்டிக்கொண்டு உன் பக்கத்தை எடுத்தார். வரிக்கு அடியில் விரல் வைத்துத்தான் அவர் படிப்பார், உனக்குத் தெரியும். விரல் போய்க்கொண்டே இருந்தது. ஓர் இடத்தில் நின்றது. திரும்பி முதல் வரிக்கு வந்தது. மறுபடியும் அதே இடத்தில் நின்றது. "அத்தா" என்றேன். "இரும்மா, படிச்சிக்கினு இருக்கேன்" என்றார். கண்ணாடியைக் கழற்றிப் பையில் வைத்தார். அதற்கப்புறம் என் பக்கம் திரும்பவே இல்லை.

பெயரைக் கூப்பிட்டார்கள். மேடை ஏறினார். கலைப்பிரியா அவர் கையைப் பிடித்துக்கொண்டார். பொய் சொல்லக் கூடாது, அந்தம்மாவின் முகத்தில் கள்ளம் எதுவும் இல்லை. மைக்கில் ரொம்ப மெதுவாக, "ஐயா, இத்தனை வருஷம் கழிச்சு நீங்க இங்க வந்து நின்னதே பெரிய விஷயம். அன்னைக்கு ஏன் எரிச்சீங்கன்னு உங்க மகளுக்காக ஒரு வார்த்தை சொல்வீங்களா?" என்று கேட்டார்.

நான் எழுந்துவிட்டேன். ஒளு, சட்டி, கடல் எல்லாவற்றையும் இப்போது சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். சொல்லட்டும், உன் மானம் விழுப்புரத்தில் போகட்டும் என்றுகூட நினைத்தேன்.

அவர் மைக்கைப் பிடித்தார். "ஆமாம்மா, நாந்தான் எரிச்சேன். அப்ப எனக்கு அறிவு பத்தல. எம்பொண்ணு எழுதுனது நெசந்தான். அவ பொய் சொல்ல மாட்டா" என்றார்.

கை தட்டினார்கள் நிலோ. எழுந்து நின்று தட்டினார்கள். ஒருத்தர் வந்து பொன்னாடை போர்த்தினார். நம் அத்தாவைக் குற்றவாளியாக ஆக்கிவிட்டு, குற்றத்தை ஒப்புக்கொண்ட பெருந்தன்மைக்குப் பொன்னாடை.

திரும்பும்போது கூட்டேரிப்பட்டில் டீ குடிக்க வண்டியை நிறுத்தினோம். "ஏன் அத்தா அப்படிச் சொன்னீங்க?" என்று அங்கேயே நின்று சண்டை போட்டேன். டீக்கடைக்காரர் திரும்பிப் பார்க்கிற அளவுக்கு. அவர் டீயை ஆற்றிக்கொண்டே, "அத்தினி பேரு முன்னால எம்பொண்ண பொய்க்காரின்னு நானே சொல்லவா? புக்குல ஏறிடுச்சு. இன்னாத்துக்கு இப்ப பேஜாரு? உடு" என்றார். டம்ளர் காலியாகும் முன்பே வைத்துவிட்டார்.

நீ ஒரு பொய்யை நடக்க விட்டாய். அவர் அதற்குச் சாட்சி சொல்லிவிட்டார். இப்போது உனக்கு நிம்மதியா?

தஸ்லீமா


கொச்சி
25.2.2025

அக்கா,

படித்தேன். எத்தனை தடவை என்று கேட்காதே. அன்று இரவே அத்தாவைக் கூப்பிட்டேன். "ஃபங்சன் நல்லா இருந்துச்சிம்மா, பிரியாணி போட்டாங்க, நீ வேளைக்குச் சாப்புடு" என்றார். அழுதேன். எதற்கு அழுகிறாய் என்று கேட்டார். என்னால் சொல்ல முடியவில்லை.

உண்மையை முழுசாக நானே ஒரு கட்டுரையாக எழுதப் போகிறேன். என் பெயரில். அருங்காட்சியகத்துக்கும் எழுதுவேன். கொஞ்சம் நேரம் கொடு. எங்கே எழுதுவது, எப்படி எழுதுவது என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

நிலோ


திண்டிவனம்
5.3.2025

நிலோஃபருக்கு,

ஸலாம். நோன்பு ஆரம்பித்துவிட்டது.

நீ யோசித்துக்கொண்டிரு. இங்கே என்ன நடக்கிறது என்று சொல்கிறேன். 'மகளின் ஓவியங்களை எரித்த தந்தை மேடையில் வருத்தம்' என்று அத்தாவின் போட்டோவோடு சேதி வந்தது. போட்டோவில் பின்னால் உன் அரபித் தாள்கள் கருகித் தொங்குகின்றன. நம் தெருவில் அதைப் பார்க்காத ஆள் இல்லை.

பெண் பிள்ளையின் படத்தை எரித்தார் என்றால் நம் ஊரில் பெரிசாக ஒன்றும் சொல்ல மாட்டார்கள். அவர்கள் கேட்பது வேறு. தொழுகை முடிந்ததும் நாலு பேர் நடுவில் தொழுகை நடத்துகிற ஹஜ்ரத்தே கேட்டாராம்: "பாய், அரபி எழுத்து இருந்த தாளையா கோவத்துல போட்டு எரிச்சீங்க?" அவர் எந்த எழுத்துக்காக ஒளு செய்து, தொப்பி போட்டு, மார்பளவு தண்ணீரில் இறங்கினாரோ, அதையே ஆத்திரத்தில் கொளுத்தினார் என்று இப்போது ஊர் நம்புகிறது. அவர் பதில் சொல்லவில்லை. சொன்னால் மேடையில் சொன்னது பொய்யாகிவிடும். அதிலிருந்து பள்ளிவாசலில் முதல் வரிசையில் நிற்பதில்லையாம். செருப்பு விடும் இடத்துக்கு முன்னால் கடைசி வரிசையில் நிற்கிறார். பக்கத்து வீட்டு அஞ்சம்மாள் சொன்னார், நோன்புக் கஞ்சி வாங்கவும் போவதில்லையாம், வீட்டிலேயே பேரீச்சம்பழத்தைக் கடித்துக்கொண்டு தனியாக நோன்பு திறக்கிறாராம்.

உன் கட்டுரை எனக்கு வேண்டாம். அருங்காட்சியகத்துக்கு எழுதுவதும் எழுதாததும் உன் பாடு. கோட்டக்குப்பத்தில் யாரும் அதைப் படிக்கப் போவதில்லை. நீ ஒன்றே ஒன்று செய். புறப்பட்டு வா. ஒரு வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்து ஆட்கள் வெளியே வரும்போது பள்ளிவாசல் எதிரில் நின்று, 'எங்க அத்தா கோபத்தில் எரிக்கவில்லை, நான்தான் அப்படி எழுத விட்டேன்' என்று உன் வாயால் சொல். இரண்டு நிமிஷ வேலை. ஆயிரம் பேருக்கு முன்னால் மைக்கில் பேசுகிறவள் நீ.

தஸ்லீமா


திண்டிவனம்
24.3.2025

நிலோஃபருக்கு,

என் கடிதத்துக்குப் பதில் இல்லை. 'பெருநாளுக்கு வரப் பார்க்கிறேன் அக்கா' என்று ஒரு மெசேஜ் மட்டும் வந்தது. உன் பெருநாள் வரை அவர் அந்தச் செருப்புகளுக்குப் பக்கத்தில் நிற்க வேண்டுமா?

வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டுவிட்டுக் கோட்டக்குப்பம் போனேன். ஜும்ஆ முடிந்து எல்லோரும் வெளியே வந்தார்கள். பள்ளிவாசலுக்கு எதிர்க் கடையின் நிழலில் நின்றேன். ஹஜ்ரத்தைக் கூப்பிட்டேன். பொம்பிளை நடுத்தெருவில் கூப்பிடுகிறாளே என்று எல்லோரும் நின்றுவிட்டார்கள், எனக்கு அதுதான் வேண்டியிருந்தது. புயல், பரண், கரையான், ஒளு, புதுச் சட்டி, வெள்ளைத் துணி, கடல், ஒன்று விடாமல் சொன்னேன். செருப்பைப் பிடித்துக்கொண்டு கரையில் நின்றவள் நான் என்றேன். என் தங்கை புத்தகத்தில் இருப்பது பொய், அந்தப் பொய்யைக் காப்பாற்ற எங்கள் அத்தா மேடையில் பொய் சொன்னார் என்றேன். வெயிலில் தொண்டை வறண்டுவிட்டது, நோன்பு வேறு.

ஹஜ்ரத் அழுதுவிட்டார். கூட்டத்துக்குப் பின்னால் நின்றிருந்த அத்தாவைத் தேடிப் போய்க் கட்டிக்கொண்டார். அன்று சாயங்காலம் அஸர் தொழுகையில் அவரை எல்லோருமாக முதல் வரிசைக்கு இழுத்துப் போனார்களாம். கஞ்சிச் சட்டி வீடு தேடி வந்தது.

அத்தா வீட்டுக்குள் வந்தார். நான் சமையல்கட்டில் இருந்தேன். வாசற்படியிலேயே நின்று, "எம்பொண்ண நடுத்தெருவுல பொய்க்காரின்னு சொல்லிட்டியே. உன்ன யாரு கேட்டாங்க?" என்றார். அவ்வளவுதான். நோன்பு திறக்க ஒரே பாயில் உட்கார்ந்தோம், தண்ணீர் கொடுத்தேன், வாங்கவில்லை, அவரே எழுந்து போய் மொண்டு குடித்தார். கடைசி பஸ்ஸுக்குக் கிளம்பும்போது ஸலாம் சொன்னேன். பதில் ஸலாம் சொல்வது கடமை என்பதால் சுவரைப் பார்த்துச் சொன்னார்.

மூன்று நாளாகப் போன் செய்கிறேன், எடுப்பதில்லை. உன் மச்சான் செய்தால் எடுத்து, "எல்லாம் சுகம் மாப்ள" என்று வைத்துவிடுகிறார்.

எனக்கு இன்னும் கோபம் ஆறவில்லை. உன்மேலும் ஆறவில்லை, அவர்மேலும் ஆறவில்லை. நான் சொன்னதில் ஓர் எழுத்துக்கூட மாற்ற மாட்டேன். மறுபடியும் அதே இடத்தில் நிற்கச் சொன்னாலும் நிற்பேன். எரித்தவரைப் பற்றிப் பொய் சொன்னவள் நீ, உண்மையைச் சொன்னவள் நான், இந்த வீட்டில் தண்டனை எனக்கு. இது எந்த ஊர் நியாயம் என்று நீயாவது சொல்லு.

உன்னிடம் அவர் தினமும் பேசுகிறாராம், அஞ்சம்மாள் சொன்னார். நேற்றும் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தாராம். பேசட்டும். பேச்சோடு பேச்சாக, திண்டிவனத்தில் ஒரு மகள் இருக்கிறாளே, அவள் நோன்பு வைத்துக்கொண்டு எப்படி இருக்கிறாள் என்று ஒரு வார்த்தை கேட்டாரா? கேட்டிருந்தால் எழுது. கேட்காவிட்டாலும் கேட்டார் என்றே எழுது.

உன் அக்கா
தஸ்லீமா